கங்கா தேவியின் சுவர்

‘எழுதுதல்’ என்னும் சொல் பண்டைத் தமிழில் ஏட்டுக்கு மட்டும் உரியதாக இருந்ததில்லை. புலவன் பாட்டு எழுதினான். ஓவியன் சுவரில் உருவம் எழுதினான். மகளிர் கண்ணுக்கு மை எழுதினர். தோளில் தொய்யில் எழுதினர். இன்று நாம் ‘படம் வரைதல்’ என்று பிரித்துக் கூறப் பழகிவிட்டோம். ஆயினும் வடபீகாரின் மிதிலைப் பகுதிப் பெண்கள் இன்றளவும் சுவரில் படம் ‘எழுதுவதாகவே’ கூறுகின்றனர். மைதிலி மொழியில் இக்கலைக்கு அவர்கள் வழங்கும் ‘லிக்கியா’ என்னும் சொல்லுக்கு எழுத்து என்பதே பொருள். சீதை பிறந்த நாடு என்று நாம் கதையில் கேட்ட அந்த மிதிலையே இது.

இவ்வாறு சுவரில் எழுதிய பெண்களுள் தலைசிறந்தவர் எனப் போற்றத்தக்கவர் கங்கா தேவி. 1928-இல் பிறந்து 1991-இல் மறைந்த இவ்வம்மையாரின் வாழ்வின் இறுதிப் பகுதி நாம் வாழும் இந்தத் தலைநகரோடு பிணைந்தது. அவருடைய மிகப் பெரிய படைப்பும் இந்நகரிலேயே தோன்றி, இந்நகரிலேயே மறைந்தது. அம்மறைவைக் குறித்து நாம் எவ்வாறு எண்ண வேண்டும் என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா. அதற்கு விடை காண அவருடைய வாழ்வையும் கலையையும் ஒருசேர நோக்குதல் வேண்டும்.

மணவீட்டுச் சுவர்

மிதிலைப் பெண்கள் பல காலங்களிலும் சுவரில் எழுதுவர் எனினும், அவர்தம் கலையின் உச்சம் ‘கோபர் கர்’ எனப்படும் மணமனை அறையே ஆகும். திருமணம் முடிந்தபின் மணமக்கள் பெண் வீட்டிலேயே நான்கு இரவுகள் தங்குவது அங்குள்ள மரபு. அவர்கள் தங்கும் அறையின் சுவரைச் சாணமும் மண்ணும் கலந்து மெழுகி, குடும்பத்தின் மூத்த பெண்டிர் ‘கோபர்’ என்னும் சித்திரத்தை எழுதுவர். மண நாளுக்கென எழுதப்படும் இச்சித்திரம் மழையிலும் புகையிலும் மங்கிப்போகும். அடுத்த பெண்ணின் திருமணத்துக்கு அச்சுவரை மீண்டும் மெழுகி, மீண்டும் எழுதுவர். தாயின் அருகே நின்று பார்த்த மகள், தானே தாயாகி எழுதுவாள்.

கோபர் சித்திரத்தின் நடுவே தாமரை இலைகள் வட்டம் வட்டமாகச் சூழ்ந்திருக்கும். அவற்றை ஊடுருவி ஒரு தண்டு நிமிர்ந்து எழும். அருகே மூங்கிற் புதர் செழித்து நிற்கும். கிளியும் மீனும் ஆமையும் பாம்பும் இடமறிந்து அமரும். சூரிய சந்திரர் மேலே சாட்சியாவர். மணமகள் கௌரியைப் பூசிப்பாள். அறையின் மூலைகளில் ‘நைனா ஜோகின்’ என்னும் ஒற்றைக்கண் காட்டும் பெண்ணுரு கண்ணேறு கழிக்கக் காவல் நிற்கும். மேனாட்டு ஆய்வாளர் இதில் ஆண் பெண் குறியீட்டையே முதன்மையாகக் கண்டனர். எழுதிய பெண்களோ, இது தாமரைப் பொய்கை, இது மூங்கில், வம்சம் தழைக்க எழுதினோம் என்றனர். இரண்டும் பொருந்துவனவே. எனினும் எழுதியவர் சொல்லுக்கு முதலிடம் தருவதே முறை.

இக்கலையில் சாதிக்கேற்ப நடை வேறுபாடும் உண்டு. பிராமணக் குடும்பத்துப் பெண்கள் உருவத்தின் எல்லைக் கோட்டினுள் செந்நிறமும் மஞ்சளும் நிரப்பி எழுதுவர், அது ‘பர்னி’. காயஸ்தர் குலப் பெண்கள் நிறத்தை நம்பாது, நுண்கோடுகளை அடுக்கியடுக்கியே உருவத்துக்கு உடலும் நிழலும் தருவர், அது ‘கச்னி’. காயஸ்தர் வழிவழியாகக் கணக்கும் எழுத்தும் தொழிலாகக் கொண்ட குலத்தார். ஆடவர் கணக்கேட்டில் எழுதினர். பெண்டிர் சுவரிலும், மணச் சடங்குக்குக் குங்குமம் மடித்தனுப்பும் காகிதத்திலும் எழுதினர். கங்கா தேவி இக்குலத்தவர். கோடே அவர்தம் மொழி.

வாழ்வு

இன்றைய மதுபனி மாவட்டத்தைச் சேர்ந்த சத்ரா என்னும் சிற்றூரில் அவர் பிறந்தார். இளமையிலேயே மணமுடித்தனர். மகப்பேறு இல்லை என்ற காரணத்தால் கணவர் இரண்டாம் மனைவியைக் கொணர்ந்தார். புகுந்த வீட்டில் உரிமை இழந்து, வறுமையில் வாடிய நாட்கள் அவருக்கு வாய்த்தன. வம்சம் தழைக்கவென்றே எழுதப்படும் தாமரையையும் மூங்கிலையும் பிறர் வீட்டு மணங்களுக்காகத் திறம்பட எழுதத் தெரிந்த ஒருவரின் சொந்த வாழ்வு இவ்வாறு அமைந்தது. இம்முரணை நாம் பின்னர் மீண்டும் நோக்குவோம்.

மிதிலைச் சுவர்களை வெளியுலகம் கண்டதே ஒரு பேரழிவினால்தான். 1934 ஜனவரியில் பீகாரை உலுக்கிய நிலநடுக்கத்தில் வீடுகள் இடிந்து, உள்ளறைச் சுவர்கள் வெளிப்பட்டன. அப்போது மதுபனியில் அதிகாரியாயிருந்த வில்லியம் ஆர்ச்சர் என்னும் ஆங்கிலேயர் அவற்றைக் கண்டு வியந்தார். 1949-இல் ‘மார்க்’ கலையிதழில் அவர் எழுதிய கட்டுரையே இக்கலையை வெளியுலகுக்கு அறிவித்தது. அடுத்து 1966-67-இல் கொடிய வறட்சி வந்தது. பஞ்சத்தில் தவித்த குடும்பங்களுக்கு வருவாய் கிட்ட வேண்டி, அகில இந்தியக் கைவினை வாரியத்தின் சார்பில் புபுல் ஜெயகர், பாஸ்கர் குல்கர்னி என்னும் ஓவியரை அங்கு அனுப்பினார். சுவரில் எழுதுவதைக் காகிதத்தில் எழுதித் தாருங்கள் என்று அவர் பெண்களைக் கேட்டுக்கொண்டார். அன்று முதல் மதுபனி ஓவியம் விற்பனைக்குரிய பொருளாயிற்று. ஜகதம்பா தேவி, சீதா தேவி, கங்கா தேவி முதலியோர் பெயர் நாடறிந்ததாயிற்று. கங்கா தேவிக்கு 1984-இல் பத்மஸ்ரீ விருது கிட்டியது.

காகிதம் தந்தது

காகிதம் இக்கலையைக் கெடுத்துவிட்டது என்று கூறுவோர் உளர். அக்கூற்றில் உண்மை இல்லாமல் இல்லை. கேட்கும் வணிகனுக்கு ஒரே மீனையும் ஒரே மயிலையும் நூறு முறை எழுதிக் கொடுக்கும் நிலை பலருக்கும் வந்தது. மணநாளுக்கென நோன்பு போல் எழுதிய கை, அங்காடிக்கு எழுதும்போது சற்றே சோம்பியது. ஆயினும் கங்கா தேவியைப் பொறுத்தவரை காகிதம் வேறொரு வாயிலைத் திறந்தது என்பதே என் கருத்து.

சுவரில் எதை எழுத வேண்டும் என்பதைச் சடங்கு தீர்மானித்தது. காகிதத்துக்குச் சடங்கு இல்லை. முன்னோர் காட்டாத ஒன்றை எழுதவேண்டிய கட்டாயம் அங்கே நேர்ந்தது. அவ்விடத்தில் பெரும்பாலோர் பழைய உருக்களையே பெயர்த்தெழுத, கங்கா தேவி கதை சொல்லத் தொடங்கினார். இராமாயணத்தை வரிசைப் படங்களாக எழுதினார். ‘மானவ ஜீவன்’ என்னும் வரிசையில், ஒரு மனிதப் பிறவியின் பிறப்பையும், குழந்தைக்குச் செய்யும் சடங்குகளையும், வளர்ச்சியையும், மணத்தையும் எழுதினார். அரசர் கதையும் தேவர் கதையும் எழுதிவந்த மரபில், ஒரு சாதாரண வீட்டின் பிரசவ அறை பாடுபொருளாயிற்று. மகப்பேறு இல்லை என்று ஒதுக்கப்பட்டவர் மகப்பேற்றைக் காவியமாக எழுதினார் என்பதை வாசகர் உணர்தல் வேண்டும்.

1985-இல் அமெரிக்காவில் நடைபெற்ற இந்திய விழாவுக்கு அவர் சென்றுவந்தார். அங்குக் கண்டவற்றைத் திரும்பிவந்து எழுதினார். வாஷிங்டன் நினைவுத் தூணும், கேளிக்கைப் பூங்காவின் ‘ரோலர் கோஸ்டர்’ வண்டியும் அவர் கோட்டில் புகுந்தன. வளைந்தோடும் தண்டவாளத்தில் வரிசையாக அமர்ந்த மனிதர், மிதிலைத் திருமண ஊர்வலத்தார் போலவே நமக்குத் தோன்றுவர். தமக்குத் தெரிந்த இலக்கணத்தைக் கொண்டே தெரியாத நாட்டை அவர் எழுதினார். நம் தாய்மார்கள் முதன்முதலாக இந்நகருக்கு வந்து, இங்குள்ள காய்கறிகளுக்கு நம் ஊர்க் காய்களின் சாயலில் பெயரிட்டு அழைத்ததை ஒத்தது இது.

இவ்வமெரிக்கப் படங்களில் குறையே இல்லை என்று நான் கூறமாட்டேன். கச்னி நடையின் இயல்பு வெற்றிடத்தை விடாது நிரப்புவது. சடங்குச் சித்திரத்தில் இந்நிறைவு மங்கலத்தைக் குறிக்கும். அது பொருளோடு பொருந்தும். புதிய நாட்டுக் காட்சியிலோ மனிதனுக்கும் வண்டிக்கும் மரத்துக்கும் ஒரே வகைக் கோடு நிரம்பும்போது, முதன்மை எது, சூழல் எது என்று கண் சற்றே தடுமாறுகிறது. எனினும் அத்தடுமாற்றம் அந்நாட்டைக் கண்ட அவர்தம் வியப்பின் சாயலாகவும் இருத்தல் கூடும். பழகிய கையின் சோர்வு அங்கே இல்லை என்பது உறுதி.

மீண்டும் சுவர்

பின்னர்ப் புற்றுநோய் அவரைப் பற்றியது. சிகிச்சைக்காக டில்லிக்கு வந்தார். மருத்துவமனை வாழ்வையே அவர் ஒரு படவரிசையாக எழுதினார். நோயுற்ற உடல், கட்டில், மருத்துவர், சோதனை ஆகிய அனைத்தும் அந்தப் பழைய கோட்டிலேயே இடம்பெற்றன. துன்பத்தைக் காட்ட முகத்தைச் சுளிக்க வைக்கும் வழக்கம் மிதிலை மரபில் இல்லை. பெரிய கண்ணும் கூரிய மூக்கும் கொண்ட பக்கவாட்டு முகமே எல்லார்க்கும் பொது. ஆகவே இப்படங்களில் அழுகை இல்லை. தன் நோயைத் தானே அருகிருந்து பார்த்து விவரமாகச் சொல்லும் ஒருவரின் நிதானமே உண்டு. அந்நிதானம் அழுகையினும் மிகுதியாக நம்மைக் கலங்கச் செய்கிறது.

இச்சிகிச்சைக் காலத்திலேயே, 1989-90-இல், பிரகதி மைதானத்தை அடுத்துள்ள கைவினை அருங்காட்சியகத்தில் ஒரு முழு கோபர் அறையை அவர் எழுதினார். அருங்காட்சியகத்தின் தலைவராக அந்நாளில் இருந்த ஜோதீந்திர ஜெயின் அவருடைய கலையை நன்குணர்ந்தவர். பின்னாளில், 1997-இல், கங்கா தேவியைப் பற்றி ஒரு நூலே எழுதியவர். கிராமத்தில் பல பெண்கள் கூடிப் பாடியபடி எழுதும் அறையை, நோயுற்ற ஒருவர் சிகிச்சையின் இடைவேளைகளில் எழுதினார். எழுதி முடித்த மறு ஆண்டே மறைந்தார்.

என் பள்ளிப் பருவத்தில், 1990-களின் நடுவில், என் அன்னையாருடன் அவ்வறையைக் கண்டதுண்டு. ஓவியம் பற்றி எதுவும் அறியாத பருவம் அது. அன்னையார் மட்டும் நெடுநேரம் நின்று பார்த்துவிட்டு, “இவள் கை எங்கேயும் தயங்கவில்லை பார். இழை எடுத்த இடமும் தெரியவில்லை, விட்ட இடமும் தெரியவில்லை” என்றார். அறுபது ஆண்டுகள் வாசலில் கோலமிட்ட கை அவருடையது. பின்னர் நான் படித்த கலை விமரிசனங்களில் இதனினும் செம்மையான மதிப்பீட்டைக் கண்டதில்லை. கச்னி நடையின் உயிர் அக்கோட்டின் தயங்காமையே அன்றோ?

அரசி பார்த்த ஓவியம்

இவ்விடத்தில் நம் சங்க நூலொன்று நினைவுக்கு வருகிறது. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய நக்கீரரின் நெடுநல்வாடையில் அரசியின் பள்ளியறை விரிவாகக் காட்டப்படுகிறது. செம்பினால் செய்தாற்போன்ற அதன் சுவரில் பூங்கொடி ஒன்று எழுதப்பட்டுள்ளது. அரசன் போர்ப் பாசறையில் இருக்கிறான். கட்டிலில் தனித்திருக்கும் அரசி, மேல்விதானத்தில் தீட்டப்பெற்ற திங்களையும், அவனைப் பிரியாது நிற்கும் உரோகிணியையும் நோக்கிப் பெருமூச்சு விடுகிறாள். சேர்க்கையைக் கொண்டாடத் தீட்டிய ஓவியம் பிரிந்தவளுக்குத் துயரத்தைப் பெருக்குகிறது.

ஈராயிரம் ஆண்டு இடைவெளியில், மிதிலையின் மணவறையும் மதுரையின் பள்ளியறையும் ஒன்றையொன்று நோக்குகின்றன. இரண்டிலும் கொடியுண்டு, இரண்டிலும் திங்களுண்டு, இரண்டும் இணைவாழ்வுக்காக எழுதப்பட்டவை. ஆனால் நக்கீரர் காட்டிய அரசி பார்ப்பவள். அவளுக்கு ஓவியம் எழுதிய கைவினைஞன் பெயரற்றவன். கங்கா தேவியோ எழுதுபவர். தமக்கு மறுக்கப்பட்ட இணைவாழ்வைத் தம் கையாலேயே பிறர்க்காக எழுதியவர். அரசியின் பெருமூச்சு அவர் சுவரில் எங்கேனும் கேட்கின்றதா என்று நான் தேடியதுண்டு. நிழற்படங்களில் இன்றும் தேடுகிறேன். கேட்கவில்லை. கிளி இணையாகவே இருக்கிறது. தாமரை மலர்ந்தே இருக்கிறது.

இதனைக் குறை என்பார் சிலர். சொந்த உணர்வு வெளிப்படாத கலை மரபுக்கு அடிமை என்பர். நான் அவ்வாறு கருதவில்லை. தம் துயரைச் சொல்ல அவருக்குக் காகிதம் இருந்தது. அங்கே நோயையும் மருத்துவமனையையும் எழுதினார். மணவறைச் சுவர் அவருடையது அன்று; அங்கே வந்து வாழப்போகும் மணமக்களுடையது. அதில் தம் கண்ணீரைக் கலக்கக் கூடாது என்னும் அறத்தை அவர் அறிந்திருந்தார். எது தனக்கு, எது பிறர்க்கு என்று பகுத்தறிந்த இந்நேர்மையே, தேர்ந்த கைவினைஞர் என்னும் நிலையினின்றும் அவரைப் பெருங்கலைஞர் நிலைக்கு உயர்த்துகிறது.

இழப்பு

2015-இல் அருங்காட்சியகத்தில் நடைபெற்ற சீரமைப்பின்போது அந்தக் கோபர் அறை அழிந்துபோன செய்தியை நாளிதழ்களில் படித்தோம். கலை உலகினர் பலர் வருந்தினர். அடுத்த ஆண்டு என் மகளை அழைத்துச் சென்றபோது, அவளுக்குக் காட்ட அச்சுவர் இல்லை. பாட்டி சொன்ன சொல்லை மட்டும் அவளுக்குச் சொன்னேன்.

இவ்வழிவுக்கு ஆறுதலாக ஒரு வாதம் கூறப்படுவதுண்டு. சுவரோவியம் நிலையற்றது, மிதிலையிலேயே ஒரு மணத்துக்கு எழுதியதை மறுமணத்துக்கு அழித்து மெழுகுகின்றனர், ஆகவே இவ்வறை மறைந்ததும் மரபின்படியே என்பது அவ்வாதம். கேட்க இனிமையான இவ்வாதம் உண்மையை மறைக்கிறது. மிதிலை வீட்டில் சுவரை மெழுகும் கையே அடுத்து எழுதும் கையும் ஆகும். தாயின் சித்திரம் மங்கும் முன்னரே மகளின் விரலில் அது இறங்கியிருக்கும். அங்கே அழிவது ஒரு படி மட்டுமே. மூலம் கையில் நிற்கிறது. அருங்காட்சியகச் சுவரை அழித்த கைக்கு மீண்டும் எழுதத் தெரியாது. அச்சுவருக்கு மகள் இல்லை. தவிரவும், கங்கா தேவி அதனை அங்கே எழுதியது ஒரு மணநாளுக்காக அன்று. நிலைத்திருக்கும் என்ற நம்பிக்கையில், உயிர் போகும் நாளில் எழுதினார். வீட்டுச் சுவர் மாய்வது மரபு. அருங்காட்சியகச் சுவர் மாய்வது இழப்பு. இவ்விரண்டையும் ஒன்றாகப் பேசுதல் நியாயமாகாது.

‘நாட்டுப்புறக் கலை’ என்று நாம் வைத்துள்ள பெயரிலும் இவ்வலட்சியத்தின் வேர் இருக்கிறது. நாட்டுப்புறக் கலைக்கு ஆசிரியர் இல்லை, யார் எழுதினாலும் ஒன்றே என்று எண்ணிவிடுகிறோம். புகழ்பெற்ற நவீன ஓவியர் ஒருவரின் திரைச்சீலை அவ்வாறு அழிக்கப்பட்டிருக்குமா என்று எண்ணிப் பார்த்தால் வேறுபாடு விளங்கும். கங்கா தேவி எழுதிய தாமரையை இன்னொருவர் எழுதலாம். அது அவர் எழுதிய தாமரை ஆகாது.

நமக்கு என்ன?

இவ்வம்மையாரின் கதை பிறந்த மண்ணைவிட்டு வந்து வாழும் நமக்கு அயலானதன்று. நாமும் ஒரு சுவரைவிட்டு வந்தவர்களே. செம்மண் பட்டையும் மாக்கோலமும் இட்ட வாசல், திருமண வீட்டின் முன்மாடம், மார்கழிப் பூசணிப்பூ ஆகியவற்றைப் பின்னே விட்டு, மூன்றாம் மாடிக் குடியிருப்பின் குறுகிய வாயிற்படிக்கு வந்துசேர்ந்தோம். அங்கே ஒட்டும் காகிதக் கோலம் நமக்கு எளிதாக இருக்கிறது. அதுவும் அழகாகவே இருக்கிறது, ஒருநாளும் கலைவதில்லை. ஆனால் அதை ஒட்டத் தெரிந்த விரலுக்குப் புள்ளி வைத்து இழைக்கத் தெரிவதில்லை. கலையாத கோலம் கையைவிட்டுப் போகின்றது. நாள்தோறும் கலைகின்ற கோலமே கையில் நின்றுவந்தது.

கங்கா தேவி நமக்குக் காட்டும் பாடம் இரண்டு. முதலாவது, மண்ணைவிட்டுப் பெயர்ந்த கலை வாடியே தீரும் என்பது பொய். காகிதத்திலும், அமெரிக்கக் காட்சியிலும், மருத்துவமனைக் கட்டிலிலும் அவருடைய கோடு தழைத்தது. ஏனெனில் அது கையில் இருந்தது. இரண்டாவது, கையில் உள்ளதை இன்னொரு கைக்கு மாற்றாவிடில், எத்துணைப் பெரிய கட்டடத்தின் சுவரிலும் அதற்குக் காவல் இல்லை.

என் அன்னையார் மறைந்துவிட்டார். என் மகள் இப்போது கல்லூரியில் பயில்கிறாள். சென்ற மார்கழியில் வாயிற்படியில் ஒட்டியிருந்த காகிதத்தைச் சுரண்டி எடுத்துவிட்டு, ஏழு புள்ளி வைத்து ஒரு கோலம் இட்டாள். இழை மூன்று இடங்களில் தயங்கியிருந்தது. மாலைக்குள் அண்டை வீட்டாரின் காலடியில் அது கலைந்தும் போயிற்று. மறுநாள் மீண்டும் இட்டாள். அன்று இழை இரண்டு இடங்களில் மட்டுமே தயங்கியது.